பஜ்ஜி, தோய்ச்சி, வெங்காய வளையம்

பஜ்ஜி: காய்கறி வில்லையைக் கரைத்த கடலை மாவில் தோய்த்து எண்ணெயில் பொரிக்கும் பலகாரம்.

வறுத்தல், பொரித்தல் என்று பொருள்படும் வடமொழி வினையடியிலிருந்து பிறந்து, பாகதம் (பிராகிருதம்) வழியாக வட இந்திய மொழிகளில் பரவிய சொல் இது. மராத்தியில் 'பஜி' என்று குறுகி ஒலித்தால் இந்தப் பலகாரம். 'பாஜி' என்று நீண்டால் காய்கறிச் சமையல். பாவ் பாஜியில் இருப்பது பின்னது. இங்கிலாந்து உணவகங்களில் 'ஆனியன் பாஜி' கேட்டால் நறுக்கிய வெங்காயத்தை மாவில் பிசறிப் பொரித்துத் தருவார்கள். நமக்கு அது பக்கோடா!

அப்படியானால் 'ஆனியன் ரிங்ஸ்' எது? பஜ்ஜிக்குத்தான் நெருக்கம், ஆனால் பஜ்ஜியே அன்று. நாம் வெங்காய வில்லையைப் பிரிக்காமல் முழுதாகத் தோய்க்கிறோம். அமெரிக்கர்கள் வளையம் வளையமாகக் கழற்றி, பெரும்பாலும் மைதாக் கரைசலில் தோய்க்கிறார்கள்.

தனித்தமிழ்ப் பட்டியல்களில் பஜ்ஜிக்குத் 'தோய்ச்சி', 'மாவேச்சி' என்ற இரு சொற்கள் உண்டு. மாவேச்சி வாயில் ஒட்டவில்லை. தோய்ச்சி நல்ல ஆக்கம். மகிழ்ச்சி, தேர்ச்சி போலத் தொழிற்பெயராக ஒலிப்பது ஒரு குறைதான். ஆயினும் வடசொல்லின் வேர் எண்ணெய்ச் சட்டியை மட்டுமே சொல்கிறது. அப்பளமும் எண்ணெயில்தான் பொரிகிறது. மாவில் தோய்ப்பதல்லவா இந்தப் பலகாரத்தின் தனி அடையாளம்? 'பொரியல்' என்ற சொல்லையோ கறிவகைக்கு ஏற்கெனவே கொடுத்துவிட்டோம்.

வளையம் மொறுமொறுப்பாக வருவதும் தோய்ப்பதில்தான் இருக்கிறது. வெங்காயத்தின் ஒவ்வோர் அடுக்கின் உட்புறமும் மெல்லிய சவ்வு ஒன்று ஒட்டியிருக்கும். வழுக்கும் அதன்மேல் மாவு நிற்காது. அதை உரித்தெடுத்து, ஈரத்தைத் துடைத்து, முதலில் உலர்ந்த மாவில் புரட்ட வேண்டும். பிறகு இட்லி மாவுப் பதத்தில் கரைத்த மாவில் தோய்த்து, ஏறத்தாழ 180 டிகிரிச் சூட்டில் பொரிக்கலாம். மைதாவோடு கொஞ்சம் அரிசி மாவு சேர்ப்பது நல்லது: அதில் இழுவைத் தன்மை தரும் பசைப்புரதம் இல்லாததால் மேலோடு சவசவக்காது. மைதாவை வெகுநேரம் அடித்துக் கலக்கினால் அந்தப் பசை கூடிவிடும். சிறு கட்டிகள் இருந்தால் இருக்கட்டும்.

'ஆனியன் ரிங்ஸ்' என்பதை வெங்காய வளையத் தோய்ச்சி என்று எழுதலாம். கடலை மாவில் முழு வில்லையைத் தோய்த்தால் மட்டும் அதை வெங்காய பஜ்ஜி என்றே சொல்லுங்கள்.