இன்வர்ட் சர்க்கரையில் புரண்டது எது?

பிஸ்கட் பாக்கெட்டைத் திருப்பிப் பார்த்தால் பொடி எழுத்தில் ஒரு பட்டியல் இருக்கும். கோதுமை மாவு, சர்க்கரை, தாவர எண்ணெய் என்று போகும் அந்த வரிசையில் பெரும்பாலும் ‘இன்வர்ட் சுகர் சிரப்’ என்றும் ஒன்று வரும். பக்கத்து வீட்டு அக்கா ஒருநாள் பாக்கெட்டோடு வந்து கேட்டார்: “இன்வர்ட்னா தலைகீழ்தானே தம்பி? சர்க்கரையை எப்படித் தலைகீழாக்குவாங்க?” அவர் வீட்டுக்காரருக்குச் சர்க்கரை நோய். அதனால் பட்டியலில் எதையும் விடாமல் படிப்பவர்.

நல்ல கேள்வி. சர்க்கரை தலைகீழாகவில்லை என்பதுதான் பதில். சர்க்கரை உடைந்தது. அதன் வழியே போன ஒளி, வலப்பக்கம் திரும்பிக்கொண்டிருந்தது இடப்பக்கம் திரும்பியது. வேதியியலில் ஒரு பொருளுக்கு அதன் வழியே போன ஒளியின் குணத்தை வைத்துப் பெயரிட்டது அபூர்வம். அந்தப் பெயர் இருநூறு வருடம் நெருங்கியும் மாறாமல் பிஸ்கட் உறை வரைக்கும் வந்துவிட்டது.

முதலில் உடைவதைப் பார்ப்போம். நாம் காப்பியில் போடும் வெள்ளைச் சர்க்கரையின் பெயர் சுக்ரோஸ். ஒரு குளுக்கோஸ், ஒரு ஃப்ரக்டோஸ் இரண்டும் கைகோத்து நிற்கும் மூலக்கூறு அது. அமிலமோ தகுந்த நொதியோ இருந்தால், நடுவில் ஒரு தண்ணீர் மூலக்கூறு புகுந்து அந்தக் கைகளைப் பிரித்துவிடும். குளுக்கோஸ் பாதி, ஃப்ரக்டோஸ் பாதி என்று மிஞ்சுகிற அந்தக் கலவைதான் இன்வர்ட் சர்க்கரை. உள்ளே புகுந்த தண்ணீர் வெளியே வருவதில்லை என்பதால் எடையும் கூடுகிறது: 100 கிலோ சுக்ரோஸ் முழுதும் உடைந்தால் 105 கிலோவுக்குச் சற்று மேல் கிடைக்கும்.

இனி ஒளி. சாதாரண வெளிச்சம் எல்லாத் திசையிலும் அதிர்ந்துகொண்டே வருகிறது. ஜன்னல் கம்பிகளுக்கு நடுவே ஒரு கயிற்றை நீட்டி உதறிப் பாருங்கள். மேலும் கீழுமான ஆட்டம் கம்பிகளைத் தாண்டிப் போகும், பக்கவாட்டு ஆட்டம் கம்பியில் இடித்து நின்றுவிடும். சில படிகங்கள் ஒளிக்கு இந்தக் கம்பிகளைப் போலத்தான்; ஒரே தளத்தில் அதிரும் ஒளியை மட்டுமே விடும். அப்படி வடிகட்டிய ஒளியைச் சர்க்கரைத் தண்ணீருக்குள் அனுப்பினால், அது வெளியே வரும்போது தளம் கொஞ்சம் திரும்பியிருக்கும். பார்ப்பவருக்கு வலப்பக்கம், அதாவது கடிகார முள் சுற்றும் பக்கம் திரும்பினால் வலஞ்சுழி. மறுபக்கம் திரும்பினால் இடஞ்சுழி. சங்கிலும் பிள்ளையார் தும்பிக்கையிலும் வலம்புரி, இடம்புரி பார்த்துப் பழகிய நமக்கு இது புதிதல்ல.

கல்லூரியில் இந்தச் சோதனையைச் செய்த நாள் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. இருட்டறையில் மஞ்சள் சோடியம் விளக்கு. இரண்டு கைப்பிடி நீளக் கண்ணாடிக் குழாயில் சர்க்கரைக் கரைசலும் ஹைட்ரோகுளோரிக் அமிலமும். கண்வைத்துப் பார்த்தால் ஒரு வட்டம். அதில் பாதி வெளிச்சம், பாதி இருட்டு. இரண்டு பாதியும் ஒரே மாதிரி மங்கும் வரை வட்டைத் திருப்பி, அளவைக் குறிக்க வேண்டும். தொடக்கத்தில் வலப்பக்கம் 13 பாகைக்குப் பக்கம். பத்து நிமிடத்துக்கு ஒருமுறை பார்க்கப் பார்க்கக் குறைந்துகொண்டே வந்தது. சுழியை, அதாவது பூஜ்யத்தைத் தொட்டது. வேலை முடிந்தது என்று நான் விளக்கை அணைக்கப் போக, ஆசிரியர் கையைப் பிடித்து நிறுத்தி, “இனிமேதான் பார்க்கணும்” என்றார். அளவு சுழியைத் தாண்டி இடப்பக்கம் இறங்கத் தொடங்கியது. மறுநாள் காலை பார்த்தபோது இடப்பக்கம் சுமார் 4 பாகையில் நின்றிருந்தது. சுழியைத் தொட்ட நேரத்தில் சர்க்கரையில் ஏறக்குறைய முக்கால் பங்குதான் உடைந்திருந்தது என்பது பிறகு கணக்குப் போட்டபோது தெரிந்தது.

ஏன் இடப்பக்கம் போகிறது? குழாயின் நீளமும் கரைசலின் அடர்த்தியும் எல்லாவற்றுக்கும் ஒன்றாக இருப்பதாக வைத்துக் கணக்கிட்டால், சுக்ரோஸின் திருப்பும் திறன் வலப்பக்கம் 66.5 பாகை. குளுக்கோஸும் வலப்பக்கம்தான், 52.7. ஆனால் ஃப்ரக்டோஸ் இடப்பக்கம் 92 பாகை இழுக்கிறது. இரண்டும் சமபங்கில் இருக்கும்போது இடப்பக்கத்து இழுவைதான் வெல்லும். சராசரி இடப்பக்கம் 20 பாகைக்கு அருகில் நிற்கும். ஆஸ்பத்திரியில் ஏற்றும் ‘டெக்ஸ்ட்ரோஸ்’ குளுக்கோஸின் இன்னொரு பெயர். லத்தீனில் வலப்பக்கத்தைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்தது. ஃப்ரக்டோஸுக்கு அதேபோல இடப்பக்கத்தை வைத்து ‘லெவுலோஸ்’ என்று பெயர். மாணவர்களுக்கு ஒரு வார்த்தை: ஃப்ரக்டோஸுக்கு முன்னால் வரும் ‘டி’ என்ற எழுத்து மூலக்கூறின் அமைப்பைக் குறிப்பது. ஒளி திரும்பும் பக்கத்துக்கும் அதற்கும் தொடர்பில்லை. இதைக் குழப்பிக்கொண்டு மதிப்பெண் இழந்தவர்கள் ஏராளம்.

கரைசல்கள் ஒளியைத் திருப்பும் என்பதை 1815-இல் கண்டவர் பிரான்ஸின் ஜான் பப்தீஸ்த் பியோ. அமிலம் சேர்த்த கரும்புச் சர்க்கரையில் திசை புரள்வதை 1830-களில் கவனித்து, ‘இன்வர்ஷன்’ என்று அதற்குப் பெயர் வந்தது. உள்ளே ஃப்ரக்டோஸ் என்று ஒரு தனிச் சர்க்கரை இருப்பதே அப்போது தெரியாது. அதை 1847-இல் பிரெஞ்சு வேதியியலாளர் துப்ரன்ஃபோ கண்டுபிடித்தார். என்ன நடக்கிறது என்று தெரிவதற்கு முன்பே வைத்த பெயர் என்பதால்தான் அது ஒளியை மட்டும் பேசுகிறது.

இந்த ஒரே மாற்றத்தை வைத்து எழுந்த அறிவியலை நினைத்தால் எனக்கு இன்றும் வியப்புதான். 1850-இல் லுட்விக் வில்ஹெல்மி என்ற ஜெர்மானியர், சர்க்கரை உடையும் வேகத்தைப் போலாரிமீட்டரில் (ஒளி திரும்பும் பாகையை அளக்கும் கருவி, நான் கல்லூரியில் பார்த்தது) அளந்து கணிதச் சமன்பாடாக எழுதினார். ஒரு வேதிவினையின் வேகம் அப்படி எண்ணில் அடங்கியது அதுவே முதல்முறை. பல ஆண்டுகள் அதை யாரும் கண்டுகொள்ளவில்லை. 1860-இல் பிரெஞ்சு வேதியியலாளர் பெர்த்தெலோ, சுக்ரோஸை உடைக்கும் ‘இன்வர்டேஸ்’ நொதியை ஈஸ்டிலிருந்து பிரித்தெடுத்தார். 1913-இல் லெயனோர் மிக்கேலிஸும் மாட் மென்டனும் அதே நொதியை அதே சர்க்கரையோடு வைத்துத்தான், இன்று உயிர்வேதியியல் மாணவர் அனைவரும் படிக்கும் நொதி வேகச் சமன்பாட்டை நிறுவினார்கள். கண்ணெதிரே ஒரு முள் நகர்வதைப் பார்த்தே வினையைப் பின்தொடர முடிந்ததால்தான் எல்லோரும் இந்தச் சர்க்கரையைத் தேடி வந்தார்கள்.

சர்க்கரை ஆலைக்குள் போனால் இதே சொல் நஷ்டத்தைக் குறிக்கும். ஆலை ஆய்வகத்தில் ‘போல்’ என்று ஓர் அளவு சொல்வார்கள். போலாரிமீட்டர் காட்டும் சர்க்கரை அளவு அது. வெட்டிய கரும்பு வெயிலில் கிடந்தால், கரும்பிலேயே இருக்கும் இன்வர்டேஸ் சுக்ரோஸை உடைக்கத் தொடங்கும். உடைந்தது படிகமாகாது, கழிவுப்பாகில்தான் போய்ச் சேரும். போல் அளவு இங்கே இரட்டை அடி வாங்கும்: சுக்ரோஸ் குறைவது ஒன்று, புதிதாய் வந்த இன்வர்ட் சர்க்கரை அளவை இடப்பக்கம் இழுப்பது இன்னொன்று. அதனால் உள்ளதைவிடக் குறைவாகவே கருவி காட்டும். இதைச் சரிசெய்ய க்ளெர்ஜே என்ற பிரெஞ்சுக்காரர் ஓர் அழகான வழி கண்டார். ஒருமுறை அளந்துவிட்டு, பிறகு வேண்டுமென்றே முழுதும் உடைத்து மறுபடி அளப்பது. இரண்டுக்கும் உள்ள வித்தியாசத்தை வைத்து உண்மையான சுக்ரோஸைக் கணக்கிடலாம். வெட்டிய 24 மணி நேரத்துக்குள் கரும்பை அரவைக்குக் கொண்டுவரச் சொல்வதற்கும், சாற்றில் சுண்ணாம்பு சேர்த்துப் புளிப்பை முறிப்பதற்கும் ஒரு முக்கியக் காரணம் இந்த இழப்பு.

சுண்ணாம்பு என்றதும் பனையேறிகளைச் சொல்லாமல் இருக்க முடியாது. பதநீருக்குக் கட்டும் கலயத்தின் உட்புறம் சுண்ணாம்பு தடவுவார்கள். தடவாத கலயத்தில் இறங்குவது கள். காற்றில் வரும் ஈஸ்ட், தன் இன்வர்டேஸால் முதலில் சுக்ரோஸை உடைக்கும், அப்புறம் அந்தத் துண்டுகளைச் சாராயமாக்கும். சற்றுப் புளிப்பான சூழலில்தான் அந்த நொதி நன்றாக வேலை செய்யும். சுண்ணாம்பின் காரத்தில் நொதியும் சோர்ந்துவிடும், ஈஸ்டும் அடங்கிவிடும். கருப்பட்டி கட்டியாக இறுகுவதற்கு வேண்டிய சுக்ரோஸ் அந்த வெள்ளைப் பூச்சால் காப்பாற்றப்படுகிறது. கரும்பு வெல்லத்திலும் இதே கதைதான். சாறு புளித்திருந்தால் எவ்வளவு காய்ச்சினாலும் பாகு பதத்துக்கு வராமல் கையில் ஒட்டும். மழைக்காலத்தில் வெல்லம் கசிவது, அதிலுள்ள இன்வர்ட் சர்க்கரை காற்றின் ஈரத்தை இழுத்துக்கொள்வதால்.

ஆலைக்காரர் விரட்டுவதை மிட்டாய்க்காரர் தேடிப் போய் வாங்குவார். படிகம் கட்டாத குணமும் ஈரத்தைப் பிடித்துவைக்கும் குணமும் அவருக்கு வரம். குலாப் ஜாமூன் ஜீராவில் என் அத்தை நாலு சொட்டு எலுமிச்சைச் சாறு விடுவார். விடாவிட்டால் மறுநாள் பாத்திரத்தின் ஓரத்தில் சர்க்கரை கட்டிக்கொண்டு நிற்கும். கொதிக்கும் பாகில் அந்த அமிலம் கொஞ்சம் சுக்ரோஸை உடைத்துவிடுகிறது. ஒரே மாதிரி மூலக்கூறுகள் அடுக்கடுக்காகச் சேர்ந்தால்தான் படிகம். நடுவில் குளுக்கோஸும் ஃப்ரக்டோஸும் வந்து நின்றால் வரிசை கலைந்துபோகும். பிஸ்கட்டில் சேர்ப்பதற்கு நிறமும் ஒரு காரணம். உடைந்த சர்க்கரைகள் மாவின் புரதத்தோடு அடுப்புச் சூட்டில் சேர்ந்து பொன்னிறமும் மணமும் தரும். உடையாத சுக்ரோஸுக்கு அந்தத் திறன் இல்லை. இனிப்பும் சற்றுத் தூக்கலாக இருக்கும்.

தேனீக்கும் இந்த வித்தை தெரியும். பூவிலிருந்து எடுத்த சுக்ரோஸைத் தன் சுரப்பிகளில் ஊறும் நொதியால் உடைத்துத்தான் தேனாக்குகிறது. தேனில் பெரும்பங்கு ஃப்ரக்டோஸும் குளுக்கோஸும்தான். நம் சிறுகுடலும் அதையே செய்கிறது. காப்பியில் போட்ட சர்க்கரை அங்கே உடைந்த பிறகுதான் இரத்தத்தில் ஏறும்.

அதனால் அக்காவிடம் சொன்னேன்: இது பயப்பட வேண்டிய ரசாயனமும் இல்லை, சர்க்கரைக்கு மாற்றும் இல்லை. வயிற்றுக்குள் நடக்க வேண்டிய உடைப்பு தொழிற்சாலையிலேயே நடந்துவிட்டது, அவ்வளவுதான். வீட்டுக்காரருக்குக் கணக்குப் போடும்போது ‘சர்க்கரை’ என்ற பெயரை மட்டும் பார்க்காமல், கீழே ஊட்டச்சத்துக் கட்டத்தில் மொத்தச் சர்க்கரை எத்தனை கிராம் என்று பார்க்கச் சொன்னேன். இன்வர்ட் சிரப்பும் அந்த எண்ணுக்குள் அடக்கம். அக்கா கண்ணாடியை மூக்கில் இறக்கி, பாக்கெட்டை வெளிச்சத்தில் பிடித்து அந்த வரியைத் தேட ஆரம்பித்தார்.