தரைக்கு முத்தமிட இறங்கும் பல்லி

பிலிப்பைன்ஸின் தாவாவோ நகரில் மகளை மருத்துவம் படிக்க வைத்திருக்கும் வாசகர் ஒருவர் கேட்டிருந்தார். மகள் தங்கியிருக்கும் வீட்டுப் பாட்டி, சாயங்காலம் ஆறு மணிக்குப் பல்லிகள் சுவரிலிருந்து இறங்கி வந்து தரைக்கு முத்தம் கொடுக்கும், அந்த நேரத்தில் விரட்டாதே என்கிறாராம். மகளும் இரண்டு தடவை கண்ணால் பார்த்துவிட்டாளாம். இதில் உண்மை ஏதும் உண்டா?

உண்டு, இறங்கி வருவது உண்மைதான். பிலிப்பைன்ஸில் பேசப்படும் டகலாக் மொழியில் வீட்டுப் பல்லிக்குப் 'புத்திகி' என்று பெயர். அதைப் பற்றி அங்கே ஒரு கதை சொல்வார்கள். காதலி கேட்டாள் என்பதற்காகப் பெற்ற தாயைக் கொன்று அவள் இதயத்தை எடுத்துப்போன மகன் பல்லியாக மாறிவிட்டான், அந்தப் பாவத்துக்காகத்தான் தினமும் அந்தி நேரத்தில் இறங்கி வந்து மண்ணை முத்தமிடுகிறான் என்று. மாலைப் பிரார்த்தனைக்குத் தேவாலய மணி அடிக்கிற நேரமும் அதுதான், 'ஒராஸ்யோன்' என்பார்கள். பூமத்திய ரேகைக்குப் பக்கத்தில் இருக்கும் நாடு என்பதால் மணிலாவில் டிசம்பரில் ஐந்தரை வாக்கிலும் ஜூனில் ஆறரை வாக்கிலும் சூரியன் மறைந்துவிடும். ஆக, வருடம் முழுக்க மணியோசையும் இருட்டும் ஏறக்குறைய ஒன்றாகவே வரும். பகலெல்லாம் கூரை இடுக்கில் கிடந்த பல்லி இருட்டியதும் இரை தேடக் கிளம்பும். முத்தம்? பல்லி நாக்கை நீட்டித் தரையைத் தொட்டு வாசனை அறியும், ஈரம் இருந்தால் நக்கும். பாட்டி பார்த்தது அதைத்தான். தலைமுறை தலைமுறையாக உன்னிப்பாகக் கவனித்தவர்களின் கதை இது, அதனால் எனக்கு இதன் மேல் மரியாதை உண்டு.

சரி, எனக்குப் பிடித்த விஷயத்துக்கு வருகிறேன். பல்லி சுவரில் ஏறுவது ஆச்சரியம், தலைகீழாக இறங்குவது அதைவிடப் பெரிய ஆச்சரியம். மரங்கொத்தி பல்லியைப் போலத் தலைகீழாகக்கூட மரத்தில் ஓடும் என்று அரிஸ்டாட்டில் எழுதிவைத்திருக்கிறார்.

பல்லியின் காலில் பசை கிடையாது, உறிஞ்சு கிண்ணமும் கிடையாது, வெற்றிடத்தில் வைத்தாலும் ஒட்டும். விரலின் அடியில் வரிவரியாக மடிப்புகள், அவற்றில் லட்சக்கணக்கான நுண்மயிர்கள். பிலிப்பைன்ஸ் வீடுகளிலேயே வாழும் இன்னொரு பெரிய பல்லி இருக்கிறது, கூவுகிற சத்தமே பெயராகிப்போன 'துக்கோ'. அதன் கால்களைத்தான் விஞ்ஞானிகள் அதிகம் ஆராய்ந்திருக்கிறார்கள். ஒரு மயிரின் நீளம் ஒரு மில்லிமீட்டரில் பத்தில் ஒரு பங்கு. அதன் நுனி நூற்றுக்கணக்கான கிளைகளாகப் பிரிந்து, ஒவ்வொரு கிளையும் கரண்டி போலத் தட்டையாக முடியும், அந்தக் கரண்டியின் அகலம் வெறும் 200 நானோமீட்டர். இவ்வளவு சின்ன நுனி சுவரின் மூலக்கூறுகளுக்கு மிக அருகில் போய்விடுவதால், பள்ளியில் படித்த வாண்டர்வால்ஸ் விசை, அதாவது மிக நெருங்கிய மூலக்கூறுகள் ஒன்றையொன்று லேசாக இழுக்கும் விசை, வேலை செய்ய ஆரம்பிக்கிறது. தனித்தனியாகப் பார்த்தால் அற்பமான விசைதான். ஆனால் கெல்லர் ஆட்டம் (Kellar Autumn) என்ற உயிரியலாளரும் சகாக்களும் 2000-இல் ஒரே ஒரு மயிரைப் பிரித்தெடுத்து அளந்தபோது, அது மட்டுமே சுமார் 200 மைக்ரோநியூட்டன், அதாவது ஓர் எறும்பைத் தூக்கும் அளவுக்கு இழுத்தது. துக்கோவின் நான்கு கால்களிலும் சேர்ந்து சுமார் 65 லட்சம் மயிர்கள். அத்தனையும் ஒரே நேரத்தில் ஒட்டினால் கணக்குப்படி 130 கிலோ தாங்கும்!

அப்படியானால் எப்படிக் காலை எடுக்கிறது? இங்கேதான் எனக்கு ஒவ்வொரு முறையும் மனம் நிறைந்துபோகிறது. இந்த மயிர்கள் ஒரு திசையில் இழுத்தால் மட்டுமே ஒட்டும். விரல் நுனியிலிருந்து குதிகால் பக்கமாக இழுபட்டால் கெட்டியாகப் பிடிக்கும். மயிர் சுவரோடு சேரும் கோணம் 30 பாகையைத் தாண்டினால் தானாகவே கழன்றுவிடும். அதனால்தான் பல்லி விரலை நுனியிலிருந்து மேல்நோக்கிச் சுருட்டி எடுக்கிறது, டேப்பை ஓரத்திலிருந்து உரிப்பது மாதிரி. ஒரு நொடியில் நூறில் இரண்டு பங்குகூட ஆகாது.

ஏறும்போது பிரச்சினை இல்லை. விரல்கள் மேலே பார்க்க, உடல் எடை கீழே இழுக்க, இழுவை சரியான திசையிலேயே இருக்கும். தலைகீழாக இறங்கும்போது முன்னங்கால் விரல்கள் தரையைப் பார்க்கின்றன, எடையும் அதே பக்கம் தள்ளுகிறது, அதாவது மயிர்கள் கழன்றுகொள்ளும் திசை. அப்போது பல்லி பின்னங்கால் பாதங்களைத் திருப்பிவிடுகிறது! விரல்கள் வால் பக்கமாக மேலே பார்க்கும், உடல் அந்தப் பாதங்களில் தொங்கிக்கொண்டு இறங்கும். முத்தமிட இறங்கும் ஒவ்வொரு பல்லியும் இதைச் செய்துதான் இறங்குகிறது.

நாம் உடும்புப் பிடி என்பதைப் பிலிப்பைன்ஸில் 'கபித்-துக்கோ', துக்கோவின் பிடி என்பார்கள், பதவியை விட மறுக்கும் அரசியல்வாதிக்கும் அதே சொல்தான். துக்கோ உடம்பில் ஒட்டினால் விடவே விடாது என்று நம்பும் பிள்ளைகள் அங்கே நிறைய. இப்படிப்பட்ட பயத்தால் யாருக்கும் நஷ்டமில்லை. ஆனால் துக்கோவைச் சாப்பிட்டால் எய்ட்ஸ் குணமாகும் என்று கிளம்பிய வதந்தி வேறு ரகம். 2011 வாக்கில் வியாபாரிகள் கொழுத்த விலை தருவதாகச் சொல்ல, ஊர் ஊராகப் பிடித்தார்கள். அதற்கு எந்த ஆதாரமும் இல்லை என்று அந்நாட்டுச் சுகாதாரத் துறையே அறிவிக்க வேண்டியிருந்தது. 2019-இல்தான் சர்வதேச வணிகத்தைக் கட்டுப்படுத்தும் சைட்டிஸ் பட்டியலில் துக்கோ சேர்ந்தது. பல்லிக் காலை ஆராய எதற்குப் பணம் என்று கேட்பவர்களுக்கும் ஒன்று சொல்ல வேண்டும். பசையில்லாமல் ஒட்டி, தடமில்லாமல் கழன்றுவரும் பொருள்களை இன்று ஆய்வகங்களில் செய்துபார்க்கிறார்கள் என்றால், அது யாரோ ஒருவர் பல்லியின் பாதத்தை மின்னணு நுண்ணோக்கியில் வைத்துப் பார்த்ததால்தான். உயிருள்ள துக்கோ நமக்குத் தந்ததில் இதுவும் ஒன்று.

மகளிடம் இதைச் சொல்லுங்கள். மாலை ஆறு மணிக்கு ஜன்னல் கண்ணாடியில் பல்லி இறங்கினால், அறையின் விளக்கைப் போட்டுவிட்டு மறுபக்கத்திலிருந்து அதன் பின்னங்கால்களை மட்டும் பார்க்கட்டும்.