பழைய படங்களில் ஏன் எல்லோரும் ஓடுகிறார்கள்?

சிங்கப்பூர் ஆற்றங்கரையைக் காட்டும் பழைய பயணப் படங்களில் மூட்டை தூக்குபவர்களும் ரிக்‌ஷாக்காரர்களும் விறுவிறுவென்று ஓடுகிறார்களே, அந்தக் காலத்து ஆட்கள் அவ்வளவு வேகமா என்று தெம்பனிஸ் வாசகி ஒருவர் கேட்டிருக்கிறார்.

இல்லை. லூமியேர் சகோதரர்கள் 1895இல் உலகுக்குக் காட்டிய சினிமாட்டோகிராஃப் கையால் சுற்றிப் படமெடுக்கும் கருவி. கைப்பிடியை ஒரு சுற்று சுற்றினால் எட்டு பிரேம், அதாவது சுருளில் எட்டு தனித்தனிப் படங்கள். நொடிக்கு இரண்டு சுற்று, ஆக 16 பிரேம். பேசும் படம் வந்த பிறகு நொடிக்கு 24 என்று நிலைத்தது. 16இல் எடுத்ததை 24இல் ஓட்டினால் ஒரு நிமிட நடை 40 நொடியில் முடிந்துவிடும்.

சரி, மெதுவாக ஓட்டினால் போதாதா? எவ்வளவு மெதுவாக என்பதில்தான் சிக்கல். 16 என்பது பொதுவான கணக்கு. ஆளுக்கு ஆள் கை வேகம் வேறு. கை சளைத்தால் ஒரே காட்சிக்குள்ளேயே வேகம் மாறும். நடையை வைத்தும் சொல்ல முடியாது. ஒருவர் நிதானமாக நடப்பார், இன்னொருவர் அவசரமாக.

ஆனால் கீழே விழும் மூட்டைக்கு அந்தச் சுதந்திரம் கிடையாது! தொங்கான் என்ற சரக்குப் படகிலிருந்து அரிசி மூட்டையைச் சுமந்து வந்தவர் அதைத் தோளிலிருந்து நழுவ விடுகிறார் என்று வையுங்கள். உயரம் சுமார் ஒன்றேகால் மீட்டர். பள்ளியில் படித்த சூத்திரம்தான்: உயரத்தின் இரு மடங்கை 9.8ஆல் வகுத்து வர்க்கமூலம் எடுத்தால் அரை நொடி. அரிசியானாலும் ஈயமானாலும் அதே அரை நொடிதான். இப்போது பிரேம்களை எண்ண வேண்டும். மூட்டை தரையைத் தொட எட்டு பிரேம் பிடித்தால், எடுத்த வேகம் நொடிக்கு 16. பத்து பிடித்தால் 20. ஆளின் உயரத்தை வைத்துத் தோளின் உயரத்தை ஊகிப்பதால் கொஞ்சம் பிசகலாம். அதையும் வர்க்கமூலம் பாதியாக்கிவிடும்: உயரத்தில் பத்து விழுக்காடு தவறினால் நேரத்தில் ஐந்து விழுக்காடுதான் தவறும். மூட்டையே விழாத காட்சியில், துள்ளிக் குதிக்கும் சிறுவன் போதும். புவியீர்ப்பு நூறாண்டுக்கு முன்பும் இதேதான், அதைவிட நம்பகமான கடிகாரம் ஏது?

இப்போது கணினியால் இடையிடையே புதுப் பிரேம்களை உண்டாக்கி, வண்ணமும் பூசி, வழுவழுவென்று ஓட்டுகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. அந்தப் பிரேம்கள் எந்தக் கேமராவும் பார்த்தவை அல்ல. அதற்குச் செலவாகும் பணத்தில், அந்தக் காலத்து நைட்ரேட் படச்சுருள்களைக் குளிர்ந்த, ஈரமில்லாத அறையில் வைத்து, மூலப் பிரேம்களை ஒன்று விடாமல் ஸ்கேன் செய்யலாம். நம் ஊர்ப் புழுக்கத்தில் அந்தச் சுருள்கள் சீக்கிரமே சிதைந்துவிடும், அதனால் இந்த வேலைதான் முதலில் நடக்க வேண்டும்.