அவான் கார்ட்: தூசிப்படைப் படங்கள்

மௌனப்பட காலத்துச் சோதனைக் குறும்படங்களைப் பற்றி எதைப் படித்தாலும் 'அவான் கார்ட்' என்ற பிரெஞ்சுச் சொல் வந்து நிற்கும். 'அவான்' என்றால் முன்; 'கார்ட்' என்றால் காவல். பெரும்படைக்கு முன்னே வழி பார்த்துப் போகும் சிறு படைதான் அவான் கார்ட். ஆங்கிலத்து 'வான்கார்டு' அதன் தலை தேய்ந்த வடிவம்.

இதைக் கலைக்குக் கொண்டுவந்தவர்கள் பிரெஞ்சுச் சமூகச் சிந்தனையாளர் சான் சிமோனின் சீடர்கள். சமூகத்தின் முன்படை கலைஞர்களே என்று 1825இல் எழுதினார்கள். கவிஞர் பொதலேருக்கு இது பிடிக்கவில்லை. பிரெஞ்சுக்காரர்களுக்கு எதற்கெடுத்தாலும் ராணுவ உவமைதானா என்று சலித்துக்கொண்டார். ஆனாலும் சொல் நிலைத்தது. 1920களில் ஓவியர்கள் கதையை விட்டுவிட்டு எடுத்த படங்களுக்கு அதுவே பெயரானது.

பாரிஸில் வாழ்ந்த அமெரிக்க ஓவியர், புகைப்படக் கலைஞர் மான் ரேயின் மூன்று நிமிடப் படம் ஒன்று போதும், விஷயம் புரியும். 1923 ஜூலை 6 அன்று பாரிஸில் 'டாடா' என்ற கலகக் கலை இயக்கத்துக் கலைஞர்களின் நிகழ்ச்சி. அதில் அவருடைய படம் உண்டு என்று அவரைக் கேட்காமலேயே அறிவித்துவிட்டார்கள். கையில் இருந்ததோ ஒரு நாள். இருட்டறையில் ஃபிலிமை விரித்தார். சமையல்காரர் இறைச்சியில் தூவுவதுபோல் உப்பும் மிளகும் தூவினார். இன்னொரு துண்டில் குண்டூசிகளைக் கொட்டினார். ஓரிரு நொடி விளக்கைப் போட்டு அணைத்தார். கேமரா இல்லாமலே பதிவான அந்தப் பகுதிகளை, முன்பே எடுத்து வைத்திருந்த காட்சிகளோடு ஒட்டினார். திரையிடும்போது ஒட்டு விட்டுப் படம் அறுந்தது, அரங்கில் ரகளை. இதெல்லாம் அவரே பின்னாளில் சொன்னது.

சரி, தமிழில் என்ன சொல்வது? 'முன்னணிப் படம்' சொல்லுக்குச் சொல் சரி, பொருளில் தலைகீழ். முன்னணி நடிகர் என்றால் நமக்கு நன்றாக ஓடுகிற நடிகர் அல்லவா? 'சோதனைப் படம்' புழக்கத்தில் இருக்கிறது. பார்ப்பவரைச் சோதிக்கும் படமோ என்ற கிண்டலையும் அது தாங்க வேண்டும்.

பழந்தமிழில் அதே பொருளில் சொல் உண்டு. 'தார்தாங்கிச் செல்வது தானை' என்கிறது குறள் (767). அந்தத் தாருக்குப் பரிமேலழகர் தரும் பொருள் தூசி, அதாவது முன்னே வரும் படை. இன்றைக்குத் தார் என்றால் ரோடு நினைவுக்கு வரும், தூசி என்றால் தும்மல்.

ஆகவே என் தேர்வு, சொல்லை விளக்கும்போது 'தூசிப்படை'. படத்தைக் குறிக்க 'முன்னோடிச் சோதனைப் படம்'. உப்பும் மிளகும் தூவிய அந்த ஒரு படத்தை மட்டும் தூசிப் படம் என்றே சொல்லிவிடலாம்.