பால்கன்: மலையின் பெயர் வசையான கதை

பால்கன் துருக்கிச் சொல். காடு அடர்ந்த மலைத்தொடர் என்று பொருள். (நம்ம வீட்டு பால்கனிக்கும் இதற்கும் ஒட்டுமில்லை, உறவுமில்லை, அது இத்தாலியச் சொல்.) பல்கேரியாவின் குறுக்கே ஓடும் மலையைத்தான் துருக்கியர் அப்படி அழைத்தார்கள், பல்கேரியருக்கு அது ஸ்டாரா பிளானினா, அதாவது பழைய மலை. 1808-இல் ஒரு ஜெர்மானியப் புவியியலாளர், அந்த மலை கருங்கடலில் தொடங்கி ஏட்ரியாட்டிக் கடல்வரை நீள்கிறது என்று நம்பி, தென்கிழக்கு ஐரோப்பாவின் தீபகற்பம் முழுவதற்கும் அதே பெயரை வைத்துவிட்டார். உண்மையில் மலை செர்பிய எல்லைப் பக்கமே நின்றுவிடுகிறது.

துருக்கியில் 'பால்' என்றால் தேன், 'கான்' என்றால் இரத்தம், அதனால் தேனும் இரத்தமும் சேர்ந்த நிலம் என்று அந்தப் பக்கத்தில் ஒரு விளக்கம் சொல்வார்கள். சொல்லாராய்ச்சிக்கு நிற்காது. ஆனால் ஏன் அப்படிச் சொல்லத் தோன்றியது என்பதற்கு வரலாறு இருக்கிறது. தெற்கே பல நூற்றாண்டுகள் துருக்கிய ஒட்டோமான் ஆட்சி, வடக்கே ஆஸ்திரியாவின் ஹாப்ஸ்பர்க் அரச வம்சத்தின் ஆட்சி. ஏறக்குறைய ஒரே மொழி பேசியவர்களே ஆர்த்தடாக்ஸ் கிறிஸ்தவர் என்றால் செர்பியர், கத்தோலிக்கர் என்றால் குரோவாசியர், முஸ்லிம் என்றால் போஸ்னியாக் என்று ஆனார்கள். 1912-இல் செர்பியா, பல்கேரியா, கிரீஸ், மாண்டினீக்ரோ நான்கும் சேர்ந்து துருக்கியை விரட்டின, மறு வருடமே மாசிடோனியா யாருக்கு என்று தங்களுக்குள் அடித்துக்கொண்டன. அப்புறம் 1991-இல், இவர்களெல்லாம் ஒரே நாடாக இருந்த யூகோஸ்லாவியா உடைந்தது. 1995 ஜூலையில் போஸ்னியாவின் ஸ்ரெப்ரெனிட்சா ஊரில், போஸ்னிய செர்பியப் படையால் 8,000-க்கும் மேற்பட்ட போஸ்னியாக் ஆண்களும் சிறுவர்களும் கொல்லப்பட்டார்கள். ஒன்றாக இருந்த செர்போ-குரோவாசிய மொழிக்கு இன்று நான்கு பெயர்கள்.

பெரிய நாடு ஒன்று, ஒன்றோடொன்று பகைத்த சிறு நாடுகளாக உடைவதை 'பால்கனைசேஷன்' என்று சொல்லும் வழக்கம் முதல் உலகப்போரை ஒட்டிப் பரவியது. 1947 மே மாதம் வைஸ்ராய் மவுண்ட்பேட்டன் காட்டிய, மாகாணங்களுக்குத் தனித்தனியாக அதிகாரத்தைக் கைமாற்றும் முதல் திட்டத்தைப் பார்த்து நேரு கொதித்ததும் இந்தச் சொல்லை வைத்துத்தான்.

சரி, 'பால்கனைசேஷன்' என்பதற்குத் தமிழில் என்ன? 'பிரிவினை' போதாது, அது இரண்டாகப் பிரிவதையே நினைவூட்டுகிறது. 'பால்கன்மயமாக்கல்' என்று எழுதினால் படிப்பவருக்கு எதுவும் விளங்காது, போதாக்குறைக்கு ஒரு ஊர்க்காரர்களை வசைச்சொல் ஆக்குகிறோம். வெளியார் வெட்டிப் பிரித்தால் 'துண்டாடல்', உள்ளே சண்டையிட்டு உடைந்தால் 'சிதறல்' என்பேன். இடத்தைக் குறிக்கப் பால்கன் என்றே எழுதலாம், ஆனால் ஸ்லோவேனியரும் குரோவாசியரும் பலர் அதைத் தங்களுக்கு ஏற்பதில்லை. அவர்களையும் சேர்த்துச் சொல்லும்போது தென்கிழக்கு ஐரோப்பா என்று எழுதுவது நல்லது.