கற்பனை நாட்டுக்கும் ஓர் ஆடிப்பெருக்கு

கற்பனை உலகம் படைப்பவர்கள் நாட்காட்டி என்று வந்தால் 12 மாதம், மாதத்துக்கு 30 நாள் என்று முடித்துவிடுவார்கள். அந்தக் கணக்குக்கு எந்த வானமும் கட்டுப்படாது.

ஆடி 18 அன்று திருவையாற்றுப் படித்துறையில் காதோலை கருகமணியை மிதக்கவிட ஆற்றில் தண்ணீர் ஓட வேண்டும். (இன்று அது மேட்டூர் மதகைப் பொறுத்தது, அது வேறு கதை.) அந்தத் தேதியைச் சூரியனோடு கட்டாமல் நிலவோடு கட்டினால், 12 பிறைக்கு 354 நாள்தான், ஆண்டுக்கு 11 நாள் முன்னே நகர்ந்து, மூன்றே வருடத்தில் பெருக்கு ஆனியில் வந்து நிற்கும்.

ஒரு கற்பனை டெல்டாவுக்குக் கணக்குப் போடுவோம். ஆண்டு 412.38 நாள். பௌர்ணமிக்குப் பௌர்ணமி 31.2 நாள். 13 பௌர்ணமிக்கு 405.6, மீதி 6.78. இந்த மீதியில்தான் எல்லாம் இருக்கிறது. 31.2-ஐ அதால் வகுத்தால் 4.6. அதாவது 4.6 ஆண்டுக்கு ஒரு முறை மீதி ஒரு முழு மாதமாகிவிடும்; நிலவு சூரியனோடு ஒட்டி நிற்க 23 ஆண்டில் 5 அதிக மாதம் சேர்க்க வேண்டும். சரிபார்க்கலாம்: 23 ஆண்டுக்கு 9484.74 நாள், 304 பிறைக்கு 9484.8. நம் நிலவுக்கு இதே வேலை 19 ஆண்டில் 7 அதிக மாதம்.

நிலவே வேண்டாம், சூரியன் போதும் என்றால் 0.38 மட்டும் இடிக்கும். எட்டு ஆண்டில் மூன்று மிகைநாள் சேர்த்தால் 200 ஆண்டுக்கு ஒரு நாள்தான் பிசகும்.

மாதங்களைச் சமமாக வெட்டாதீர்கள். பூமி ஜூலைத் தொடக்கத்தில் சூரியனுக்குத் தொலைவில் மெதுவாகவும், ஜனவரித் தொடக்கத்தில் அருகில் வேகமாகவும் போகிறது. அதனால் ஆனிக்கு 31 அல்லது 32 நாள், மார்கழிக்கு 29 அல்லது 30. "அல்லது" எங்கிருந்து வந்தது? சூரியன் அடுத்த ராசிக்குள் நுழையும் நேரம் அஸ்தமனத்துக்கு முன் என்றால் அன்றே மாதப்பிறப்பு. பின் என்றால் மறுநாள். கேரளத்தில் எல்லைக்கோடு பிற்பகலிலேயே வந்துவிடும். அதனால் சில மாதங்கள் இங்கும் அங்கும் ஒரு நாள் வித்தியாசத்தில் பிறக்கும். இரண்டு கற்பனை அரசுகள் சண்டை போட இதுவே போதும்.

கடைசிச் சிக்கல், ஆண்டு எது என்பது. நட்சத்திரத்தை வைத்து அளக்கும் ஆண்டு, பருவத்தை வைத்து அளப்பதைவிட சுமார் 20 நிமிடம் நீளம்; 71 ஆண்டில் ஒரு நாள். தை முதல் தேதியும் சூரியன் வடக்கே திரும்பும் நாளும் ஒரு காலத்தில் ஒன்றாக இருந்தன. இன்று இடையில் மூன்று வாரத்துக்கு மேல். உங்கள் டெல்டாவும் நட்சத்திர ஆண்டைப் பிடித்து, விலகலும் நம்முடைய அளவே என்றால், ஆயிரம் ஆண்டுப் பழைய கல்வெட்டில் பெருக்கு 18-ஆம் தேதி என்றிருக்கும்; இன்றோ வெள்ளம் 4-ஆம் தேதியே வந்துவிடும்.