ரீயூனியனில் லிவ்ரே ஆ சேமிப்புக் கணக்கு: வட்டி கணக்கிடும் முறை

புதுச்சேரியிலோ காரைக்காலிலோ வங்கிக் கணக்கு வைத்திருந்து, பின்னர் இந்தியப் பெருங்கடலிலுள்ள பிரெஞ்சுத் தீவான ரீயூனியனில் குடியேறியவர்கள், இங்குள்ள லிவ்ரே ஆ கணக்கில் வட்டி ஏறும் விதத்தைக் கண்டு முதலில் குழம்புவதுண்டு. இந்திய வங்கிகள் 2010 ஏப்ரல் 1 முதல் சேமிப்புக் கணக்கின் அன்றாட இருப்புக்கு வட்டி கணக்கிடுகின்றன. பிரெஞ்சு அரசு வட்டி விகிதத்தை நிர்ணயிக்கும் லிவ்ரே ஆவிலோ நாள் கணக்கு கிடையாது, அரைமாதக் கணக்குதான்.

ஒவ்வொரு மாதமும் 1 முதல் 15 வரை ஓர் அரைமாதம், 16 முதல் மாதக் கடைசி வரை மற்றொன்று. ஆக ஆண்டுக்கு 24. கோயில் பஞ்சாங்கத்தின் வளர்பிறை, தேய்பிறையோடு இதற்குத் தொடர்பில்லை. போட்ட பணத்துக்கு அதன்பின் வரும் 1 அல்லது 16ஆம் தேதியிலிருந்துதான் வட்டி தொடங்கும். எடுத்த பணத்துக்கோ, எடுத்த நாளுக்கு முந்தைய அரைமாதத்தின் முடிவோடு வட்டி நின்றுவிடும்.

அசலுக்குரிய ஓராண்டு வட்டியை 24ஆல் வகுத்தால் ஓர் அரைமாத வட்டி கிடைக்கும். 2024 முழுவதும் விகிதம் 3% என்பதால், 2,400 யூரோவுக்கு ஆண்டு வட்டி 72 யூரோ, அரைமாத வட்டி 3 யூரோ. இத்தொகையை அவ்வாண்டு மார்ச் 3ஆம் தேதி போட்டு, மறுநாள் தீபாவளி என்று அக்டோபர் 30ஆம் தேதி எடுத்த ஒருவருக்கு, மார்ச் 16 முதல் அக்டோபர் 15 வரையிலான 14 அரைமாதங்களுக்கு 42 யூரோ சேரும். பிப்ரவரி 29ஆம் தேதியே போட்டிருந்தால் 45 யூரோ. அக்டோபர் 16ஆம் தேதியே எடுத்திருந்தாலும் வட்டியில் ஒரு சென்ட்கூடக் குறைந்திராது. துணிமணி வாங்கக் கடைசி நாள் வரை காத்திருந்ததுதான் வீண்.

ஆண்டின் நடுவே விகிதம் மாறினால், அந்தந்த விகிதத்துக்குரிய அரைமாதங்களைத் தனித்தனியே கணக்கிட்டுக் கூட்ட வேண்டும். 2025இல் பிப்ரவரி 1 முதல் 2.4%, ஆகஸ்ட் 1 முதல் 1.7% என விகிதம் இருமுறை இறங்கியது. அவ்வாண்டு முழுவதும் அசையாமல் கிடந்த 2,400 யூரோவுக்கு ஜனவரியில் 6, அடுத்த 12 அரைமாதங்களுக்கு 28.80, கடைசி 10 அரைமாதங்களுக்கு 17 என மொத்தம் 51.80 யூரோ வட்டி.

ஆண்டுக்குள் இது தனிவட்டியே. டிசம்பர் 31 அன்று வட்டி அசலோடு சேர்க்கப்படுவதால், மறு ஆண்டில் அதற்கும் வட்டி உண்டு. இந்த வட்டிக்கு வருமான வரியும் சமூகப் பாதுகாப்புக்கான பங்களிப்பும் பிடிக்கப்படுவதில்லை. ஒருவர் ஒரே ஒரு லிவ்ரே ஆ மட்டுமே வைத்திருக்கலாம்; அதன் உச்சவரம்பு 22,950 யூரோ. வரம்பை எட்டியபின் புதிதாகப் பணம் போட இயலாது என்றாலும், வட்டி சேர்ந்து தொகை அதைத் தாண்டுவதற்குத் தடையில்லை.